குதிகால், கணுக்கால் மூட்டு இணைப்பு ஆப்பரேஷன்: எந்த மூட்டை, எந்தக் கோணத்தில்?

#1 மேல்புறம்_ரப்பர்

அப்பாவுக்கு வயது 52, ரப்பர் மரத்தில் பால் வெட்டும் தொழில். மூன்று வருடம் முன் தென்னையிலிருந்து விழுந்து வலது குதிகால் எலும்பு நொறுங்கியது. மாவுக்கட்டு மட்டும் போட்டு விட்டார்கள். இப்போது வெளிக்கணுவுக்குக் கீழே வலி. சமதரையில் சமாளிக்கிறார், தோட்டத்துச் சரிவில் குறுக்கே நடந்தால் தாங்க முடியவில்லை. மலை ஏறும்போது கணுக்காலின் முன்பக்கமும் இடிக்கிறது என்கிறார். சர்க்கரை இருக்கிறது, எச்பிஏ1சி (மூன்று மாதச் சராசரிச் சர்க்கரை) 8.9. பீடி உண்டு. ஒரு டாக்டர் மூன்று மூட்டையும் சேர்த்து இணைக்க வேண்டும் என்கிறார், இன்னொருவர் ஒன்றே போதும் என்கிறார். யார் சொல்வது சரி? திரும்பப் பால் வெட்ட முடியுமா?

#2 பாறசாலை_எலும்பு

தம்பி, எக்ஸ்ரேயைப் பார்க்காமல் யார் சரி என்று சொல்வது முறையல்ல. எதைப் பார்த்து முடிவெடுக்க வேண்டும் என்பதைச் சொல்கிறேன். இணைப்பு என்றால் மூட்டின் குருத்தெலும்பை எடுத்துவிட்டு இரண்டு எலும்பையும் ஒன்றாக ஒட்ட வைப்பது, பிறகு அந்த மூட்டு அசையாது.

பாதத்தின் பின்பகுதியில் நமக்கு வேண்டிய மூட்டுகள் நான்கு. கால் எலும்பும், அதற்கும் குதிகால் எலும்புக்கும் நடுவில் உள்ள டேலஸ் எலும்பும் சேரும் கணுக்கால் மூட்டு பாதத்தை மேலும் கீழும் அசைக்கிறது. அதற்குக் கீழே டேலஸும் குதிகால் எலும்பும் சேரும் சப்டேலார் மூட்டு, பாதத்தை உள்ளேயும் வெளியேயும் சாய்க்கிறது. முன்னால் உள்பக்கம் டேலோநேவிகுலர், வெளிப்பக்கம் கால்கேனியோக்யூபாய்டு. 'டிரிபிள்' என்பது கணுக்காலை விட்டுவிட்டு மற்ற மூன்றையும் இணைப்பது. பலர் கணுக்காலும் அதில் சேரும் என்று நினைக்கிறார்கள், சேராது.

சமதரையில் வலி குறைவு, சரிவில் குறுக்கே நடந்தால் அதிகம், வலி வெளிக்கணுவுக்குக் கீழே: இந்த மூன்றும் சேர்ந்தால் முதல் சந்தேகம் சப்டேலார் மேல்தான். குதிகால் எலும்பு நொறுங்கி ஒட்டியவர்களுக்கு மிகவும் வழக்கமானதும் இதுவே. மற்ற இரண்டு மூட்டும் நன்றாக இருந்தால் அவற்றைத் தொடக்கூடாது என்பது என் உறுதியான கருத்து. டேலோநேவிகுலர் ஒன்றை இணைத்தாலே பின்பாதத்தின் பக்கவாட்டு அசைவு கிட்டத்தட்ட முழுவதும் போய்விடும். சப்டேலாரை மட்டும் இணைத்தால் மற்ற இரண்டிலும் கொஞ்சம் அசைவு மிஞ்சும். சரிவில் வேலை செய்பவருக்கு அந்தக் கொஞ்சம் பெரிய சொத்து.

டிரிபிள் வேண்டிய இடங்கள் வேறு: உள்பக்கத் தசைநார் தளர்ந்து பாதம் தட்டையாகி விறைத்துப் போனவர்கள், மூட்டுவாதம் மூன்றையும் அரித்தவர்கள், இளம்பிள்ளை வாதத்தில் பாதம் கோணியவர்கள்.

எடுக்க வேண்டியவை: நின்று, எடையைக் கொடுத்து எடுத்த எக்ஸ்ரே, இரண்டு காலுக்கும். படுத்து எடுத்த படத்தில் கோணம் தெரியாது. பிறகு சிடி ஸ்கேன். நொறுங்கிய குதிகாலுக்கு சிடி இல்லாமல் ஆப்பரேஷன் திட்டம் போட முடியாது.

#3 மேல்புறம்_ரப்பர்

நன்றி டாக்டர். படுத்து எடுத்த படம்தான் இருக்கிறது. வலி எந்த மூட்டு என்று உறுதியாக எப்படிக் கண்டுபிடிப்பார்கள்?

#4 பாறசாலை_எலும்பு

மரப்பு ஊசிச் சோதனை. சி-ஆர்ம் (மேசையருகே உடனுக்குடன் படம் காட்டும் எக்ஸ்ரே) பார்த்து, சந்தேகப்படும் மூட்டுக்குள் 2 முதல் 3 மில்லி லிக்னோகெய்ன் போட்டு, உடனே வெளியே அனுப்பி நடக்கச் சொல்ல வேண்டும். வழக்கமாக வலி வரும் சரிவோ படியோ ஏற வேண்டும், கட்டிலில் படுத்துக்கொண்டு 'குறைந்ததா' என்று கேட்டுப் பயனில்லை. வலி பெருமளவு போனால் மூட்டு அதுதான். ஒரு எச்சரிக்கை: சிலருக்குக் கணுக்கால் மூட்டும் சப்டேலாரும் உள்ளே தொடர்பில் இருக்கும். மருந்து மேலே கசிந்தால் விடை குழப்பும். அதனால் கொஞ்சம் சாய மருந்து சேர்த்துப் போட்டு எங்கே பரவுகிறது என்று படத்தில் பார்ப்பது நல்லது. அளவு கூடினால் கசிவும் கூடும்.

முன்பக்கம் இடிக்கிறது என்று எழுதியிருந்தீர்கள். அது முக்கியம். குதிகால் எலும்பு அமுங்கி உயரம் குறைந்தால், அதன் மேல் உட்காரும் டேலஸ் மூக்கைத் தூக்கிக்கொண்டு கிடைமட்டமாகப் படுத்துவிடும். அப்போது ஏற்றத்தில் பாதத்தை மேலே மடக்கும்போது டேலஸின் கழுத்து கால் எலும்பின் விளிம்பில் முட்டும். இப்படி இருந்தால் சப்டேலாரை இருந்த இடத்திலேயே இணைத்தால் முன்பக்க வலி அப்படியே நிற்கும். இடுப்பெலும்பிலிருந்து ஒரு கட்டை எலும்பு எடுத்து, மூட்டை விரித்து இடையில் வைத்து, உயரத்தை மீட்டு இணைக்க வேண்டும். நல்ல காலோடு ஒப்பிட்டு எத்தனை மில்லிமீட்டர் குறைவு என்று நின்று எடுத்த படத்தில் அளந்துதான் கட்டையின் அளவைத் தீர்மானிப்பார்கள்.

குதிகால் அகன்றவர்களுக்கு வெளிப்பக்கம் புடைத்த எலும்பு, வெளிக்கணுவுக்குப் பின்னால் ஓடும் பெரோனியல் தசைநார்களை நசுக்கும். இணைக்கும்போதே அந்தப் புடைப்பைச் சீவி எடுக்க வேண்டும். இதை மறந்தால் எலும்பு நன்றாக ஒட்டினாலும் வலி அதே இடத்தில் நிற்கும், ஆப்பரேஷன் தோற்றதாக எல்லோரும் நினைப்பார்கள்.

#5 தியேட்டர்_தக்கலை

டாக்டர் சொன்னதோடு தியேட்டர் பக்கத்தையும் சேர்க்கிறேன். இணைப்பு ஆப்பரேஷனில் பாதிக்கு மேல் நேரம் மூட்டுத் தயாரிப்புக்குப் போகும், போக வேண்டும். குருத்தெலும்பை ஒரு பொட்டு விடாமல் எடுத்து, அடியில் உள்ள கெட்டித் தகட்டை 2 அல்லது 2.5 மி.மீ. டிரில்லால் பல துளைகள் போட்டு, சின்ன உளியால் மீன் செதில்போல் கொத்திவிட வேண்டும். இரத்தம் கசியும் எலும்பு தெரிய வேண்டும். பர் (எலும்பைச் சீவும் சுழல் கருவி) ஓட்டினால் ஒருவர் நிறுத்தாமல் சலைன் ஊற்ற வேண்டும், சூட்டில் கருகிய எலும்பு ஒட்டாது. எலும்பின் வடிவத்தை மாற்றும் அளவுக்குச் சீவவும் கூடாது, பிறகு மேலும் கீழும் பொருந்தாமல் நடுவில் வெற்றிடம் விழும்.

சப்டேலாருக்கு வழக்கமாக 6.5 அல்லது 7.3 மி.மீ. துளை ஸ்க்ரூ இரண்டு, குதிகாலின் பின்புறத்திலிருந்து டேலஸுக்குள். ஒன்று டேலஸின் உடலுக்கு, மற்றது கழுத்தை நோக்கி. ஒரே ஸ்க்ரூ போட்டால் எலும்பு அதைச் சுற்றித் திரும்பும். பாதி மரை ஸ்க்ரூ என்றால் மரை முழுவதும் இணைப்புக் கோட்டைத் தாண்டியிருக்க வேண்டும். மரை கோட்டின் இரு பக்கமும் கடித்தால் இறுக்க இறுக்க இடைவெளி அப்படியே நிற்கும், அழுத்தம் வராது. கட்டை எலும்பு வைத்த கேஸில் இது தலைகீழ்: அங்கே முழு மரை ஸ்க்ரூ போட வேண்டும். அழுத்தினால் கட்டை நசுங்கி, பாடுபட்டு மீட்ட உயரம் போய்விடும்.

வழிகாட்டிக் கம்பியை அளந்த நீளத்தைவிடச் சுமார் 5 மி.மீ. குட்டையான ஸ்க்ரூ எடுப்போம். இறுகும்போது மூட்டு மூடும், ஸ்க்ரூ முனை மேலே ஏறிக் கணுக்கால் மூட்டுக்குள் குத்தும். கடைசியில் சி-ஆர்மில் மூன்று படம்: பக்கவாட்டு, கணுக்காலின் நேர்ப்படம், குதிகாலின் நெடுக்குப் படம். மூன்றாவதை அவசரத்தில் விட்டுவிடுவார்கள், அதில்தான் ஸ்க்ரூ பக்கத்தில் வெளியே வந்ததும் குதிகாலின் சாய்வும் தெரியும். ஸ்க்ரூத் தலை குதிகாலின் மிதிக்கும் மெத்தைப் பகுதியில் வரக்கூடாது, கொஞ்சம் மேலே பின்பக்கம் வர வேண்டும். இல்லையென்றால் எலும்பு ஒட்டினாலும் வெறுங்காலில் நடக்க முடியாது.

இரத்த ஓட்டத்தை நிறுத்தும் டூர்னிகே பட்டை தொடையில், பெரும்பாலும் 250 முதல் 300 மி.மீ. பாதரச அழுத்தம், இரண்டு மணி நேரத்துக்குள்.

#6 மார்த்தாண்டம்_பிசியோ

தோட்ட வேலை பற்றிக் கேட்டிருந்தார், அதற்கு வருகிறேன். சப்டேலார் மட்டும் இணைந்தால் பாதம் மேலும் கீழும் அசையும். நேராக ஏற்றம் ஏறலாம், படி இறங்கலாம், குத்தவைத்து உட்காருவதும் ஓரளவு முடியும். போவது பக்கவாட்டுச் சாய்வு. சரிவில் குறுக்கே நடக்கும்போது பாதம் தரைக்கு ஏற்பச் சாயாது, முழங்காலும் இடுப்பும் ஈடுகட்டும். பால் வெட்டில் ஒரு நாளைக்கு 300, 400 மரம். நன்றாகத் தட்டு வெட்டிய தோட்டத்தில் இது நடக்கும். தட்டு சரிந்து கல்லும் வேரும் கிடக்கும் பழைய தோட்டத்தில், விடியலுக்கு முன் நெற்றி விளக்கோடு, கஷ்டம். தோட்டக்காரரிடம் பேசி சமமான பிளாக் கேட்டு வாங்குவது மருந்துக்குச் சமமான உதவி. தென்னை, பனை ஏறுவதை நிறுத்த வேண்டும். மரத்தில் பாதம் கவ்வுவது முழுக்க இந்த மூட்டின் வேலை.

சம்மணம் போடலாம், ஆனால் வெளிக்கணு தரையில் அழுந்தும், மடித்த துணி வைக்க வேண்டும்.

கணுக்காலை இணைத்தவர்களுக்குக் கணக்கு வேறு. குதிகாலைத் தரையில் வைத்துக் குத்தவைக்க முடியாது. நாட்டுக் கழிப்பறையை ஆப்பரேஷனுக்கு முன்பே மாற்றி விடுங்கள், அல்லது மேலே வைக்கும் நாற்காலி வாங்குங்கள். ஏற்றத்தில் பாதத்தை வெளிப்பக்கம் திருப்பி ஏறப் பழக வேண்டும். பைக்கில் கியர் இடது காலில் இருப்பதால் இடது கணுக்கால் இணைத்தவர்கள் முழங்காலிலிருந்து காலைத் தூக்கிக் கியர் போடப் பழகுவார்கள், முன்னும் பின்னும் மிதிக்கும் லீவர் இருந்தால் எளிது. கையில் இரண்டு பிரேக்கும் உள்ள ஸ்கூட்டர் எல்லாவற்றிலும் நல்லது.

#7 நர்ஸ்_குழித்துறை

எல்லோரும் எலும்பைப் பேசுகிறீர்கள், எச்பிஏ1சி 8.9 என்பதை யாரும் தொடவில்லை. இது அவசர ஆப்பரேஷன் இல்லை. பெரும்பாலான இடங்களில் 8-க்குக் கீழே கொண்டுவந்த பிறகே தேதி கொடுப்பார்கள், கொடுக்க வேண்டும். குதிகால் வெளிப்பக்கத் தோல் ஏற்கனவே மோசமாக ஆறும் இடம்.

பீடியை ஆறு வாரம் முன்பே நிறுத்தி, எலும்பு ஒட்டியது என்று படத்தில் தெரியும் வரை தொடக்கூடாது. புகைப்பவர்களுக்கு எலும்பு ஒட்டாமல் போகும் வாய்ப்பு ஏறத்தாழ மூன்று மடங்கு. வெற்றிலையோடு புகையிலை போட்டாலும் அதே நிக்கோடின்தான், அதை யாரும் கணக்கில் சேர்ப்பதில்லை. தம்பி, அப்பாவிடம் கோபப்படாமல் இதைச் சொல்லுங்கள். 'ஸ்க்ரூ போட்டாலும் பீடி அதை ஒட்ட விடாது' என்று டாக்டர் வாயால் சொல்ல வைத்தால் கேட்பார்.

விட்டமின் டி பார்க்கச் சொல்லுங்கள். குறைந்தால் ஆப்பரேஷனுக்கு முன்பே ஈடுகட்ட வேண்டும். பாதத்தில் உணர்வு இருக்கிறதா என்று 10 கிராம் நைலான் இழையால் சோதிக்க வேண்டும். உணர்வு இல்லாத பாதத்துக்குக் கட்டும் காலமும் இரட்டிப்பாகும், எச்சரிக்கையும் இரட்டிப்பாகும். பாதத் துடிப்பு கைக்குக் கிடைக்கவில்லையென்றால் இரத்த ஓட்டம் பார்க்காமல் கத்தி வைக்கக் கூடாது.

#8 மேல்புறம்_ரப்பர்

அக்கா, நன்றி. புகையிலை விஷயம் தெரியாது, அவர் அதுவும் போடுவார். எச்பிஏ1சி இறங்க மூன்று மாதம் ஆகும் என்றால் ஆப்பரேஷன் எந்த மாதம் வைப்பது நல்லது?

#9 கட்டு_குலசேகரம்

தை மாதக் கடைசி. மாசி, பங்குனியில் ரப்பர் இலை உதிர்ந்து தளிர்க்கும்போது வெட்டு நிற்கும், அந்த வருமான இழப்பு எப்படியும் உள்ளதுதான். மழையும் இருக்காது. நம் குமரி மாவட்டத்துக்கு இரண்டு மழைக்காலம், ஆனி, ஆடியில் மாவுக்கட்டோடு வீட்டில் இருப்பவர்கள் படும் பாடு பெரிது. நனைந்த மாவுக்கட்டு உள்ளே தோலை ஊற வைக்கும், நாற்றம் வந்த பிறகுதான் வருவார்கள். ஃபைபர் கட்டு வெளியே நனையாது, உள்ளே உள்ள பஞ்சு நனையும். ஹேர் டிரையரில் குளிர் காற்று விட்டுப் பாருங்கள், காயவில்லையென்றால் அன்றே வந்து மாற்றிக்கொள்ளுங்கள்.

முதல் இரண்டு வாரம் பாதி ஸ்லாப்தான், முழுக்கட்டு போடக்கூடாது, வீங்கும். பாதம் நெஞ்சு மட்டத்துக்கு மேலே இருக்க வேண்டும். ஒரு தலையணை போதாது, கட்டிலின் கால்மாட்டில் செங்கல் வைத்துத் தூக்குங்கள். ஆப்பரேஷனுக்குப் போடும் முழங்கால் பின்புற நரம்பு ஊசி 12 முதல் 24 மணி நேரம் மரத்திருக்கும். மரப்பு விடும் முன்பே வலி மாத்திரையைத் தொடங்கிவிட வேண்டும், நடு ராத்திரியில் விட்டால் சமாளிக்க முடியாது. விரலை மற்றவர் மடக்கினாலே துடிக்கும் வலி, விரல் நீலமாதல், ஸ்லாப் இறுகிப் பிடிப்பது: இதில் ஒன்று வந்தாலும் காலைக்குக் காத்திருக்காதீர்கள்.

#10 நெடுமங்காடு_தமிழ்

குறுக்கே கேட்பதற்கு மன்னிக்கவும். அம்மாவின் பிரச்சினை கணுக்கால் மூட்டிலேயே, வயது 61, பழைய முறிவு. இணைப்பா, செயற்கை மூட்டா என்று திருவனந்தபுரத்தில் இரண்டு கருத்து. இணைத்தால் பக்கத்து மூட்டு தேய்ந்துவிடும் என்று பயமுறுத்துகிறார்கள்.

#11 பாறசாலை_எலும்பு

பயமுறுத்தல் இல்லை, நடப்பதுதான். கணுக்காலை இணைத்தவர்களைச் சராசரி 22 ஆண்டு கழித்துப் பார்த்த ஆய்வில் பெரும்பாலோரின் சப்டேலார் முதலான பக்கத்து மூட்டுகள் தேய்ந்திருந்தன. அதற்காக 61 வயதில் இணைப்பை ஒதுக்க வேண்டியதில்லை. பிரிட்டனில் 50 முதல் 85 வயது வரை உள்ள 303 பேரை இரண்டாகப் பிரித்து ஒப்பிட்ட ஆய்வு 2022-இல் வெளிவந்தது. 52 வாரத்தில் இரண்டு தரப்பும் நன்றாக முன்னேறியிருந்தன, நடப்பதிலும் நிற்பதிலும் உறுதியான வேறுபாடு தெரியவில்லை. செயற்கை மூட்டில் காயம் ஆறுவதிலும் நரம்பிலும் தொந்தரவு கூடுதல், இணைப்பில் இரத்தம் உறைதல் கூடுதல். அடியில் சப்டேலார் ஏற்கனவே தேய்ந்திருந்தால் செயற்கை மூட்டின் பக்கம் தராசு சாயும். பாதத்தில் உணர்வு இல்லாதவர், பழைய சீழ் உள்ளவர், டேலஸ் இரத்த ஓட்டம் இழந்து செத்தவர் என்றால் செயற்கை மூட்டு வேண்டாம். மீண்டும் மாற்ற வேண்டி வந்தால் அதைச் செய்யக்கூடியவர் எட்டும் தூரத்தில் இருக்கிறாரா என்றும் கேளுங்கள்.

கணுக்கால் இணைப்பில் எனக்கு ஸ்க்ரூவா பிளேட்டா என்பது இரண்டாவது கேள்வி. முதல் கேள்வி கோணம். பாதம் காலுக்குச் செங்குத்தாக, 0 டிகிரி. குதிகால் 5 டிகிரி வரை வெளிப்பக்கம் சாய்ந்திருக்க வேண்டும். பாதம் 5 முதல் 10 டிகிரி வெளிப்பக்கம் திரும்பி, மற்றக் காலைப்போல இருக்க வேண்டும். டேலஸ் முன்னால் தள்ளி நிற்கக் கூடாது, சற்றுப் பின்னால் இருந்தால் பாதம் உருள எளிது.

நுனி கீழே இறங்கி ஒட்டினால் ஒவ்வோர் அடியிலும் முழங்கால் பின்னால் வளையும், சில வருடத்தில் முழங்கால் தளரும். நுனி மேலே தூக்கி ஒட்டினால் எடை முழுவதும் குதிகாலில், அங்கே தோல் வெடிக்கும். குதிகால் உள்பக்கம் சாய்ந்து ஒட்டுவது எல்லாவற்றிலும் கேடு: பாதத்தின் வெளி ஓரத்தில் நடக்க வேண்டி வரும், நடுப்பாதம் பூட்டிக்கொள்ளும், சுண்டுவிரல் எலும்பின் அடி முறியக்கூட முறியும். ஸ்க்ரூ உடைந்தால் மாற்றலாம். கோணம் தவறி ஒட்டியதை எலும்பை வெட்டித்தான் சரிசெய்ய வேண்டும். முழங்காலைத் திறந்துவைத்துத் துணி போர்த்தச் சொல்லுவேன். முழங்கால் சிப்பி தெரியாமல் பாதத்தின் திருப்பத்தைக் கண்ணால் கணிக்க முடியாது.

கோணல் குறைவாக உள்ளவர்களுக்குச் சிறு துளை வழியே கேமரா வைத்தும் செய்யலாம், தோல் மோசமாக உள்ளவர்களுக்கு அது வரம். கோணல் பெரிதென்றால் திறந்துதான் செய்ய வேண்டும்.

#12 பனச்சமூடு_வாசகர்

இளம்பிள்ளை வாதக் காலுக்கும் இதே 0 டிகிரிதானா? வயது 48, இடது கால், தொடை வலு இல்லை, தொடையில் கை ஊன்றி நடப்பவர். பாதம் கீழே தொங்குகிறது, அதை நேராக்கி இணைத்து விடலாம் என்று ஒருவர் சொல்லியிருக்கிறார்.

#13 பாறசாலை_எலும்பு

தயவுசெய்து நிறுத்தி யோசிக்கச் சொல்லுங்கள். தொடைத்தசை வலுவிழந்தவருக்குப் பாதநுனி கொஞ்சம் கீழே இறங்கியிருப்பதுதான் முழங்காலைப் பூட்டி நிறுத்துகிறது. பாதநுனி தரையைத் தொட்டதும் முழங்கால் பின்னால் தள்ளப்பட்டு நிமிர்ந்து நிற்கும். அதைச் செங்குத்தாக நேராக்கினால் முழங்கால் மடிந்து ஆள் விழுவார். நடந்துகொண்டிருந்தவர் தொடைவரை கேலிப்பர் (காலைத் தாங்கும் கம்பிச் சட்டம்) கேட்கும் நிலை வரும். இப்படிப்பட்டவருக்கு இணைப்பு தேவையென்றால் ஏறத்தாழ 10 டிகிரி நுனி கீழே விட்டு வைப்பதுண்டு. அந்தக் கால் ஒன்றரை செ.மீ. குட்டையாக இருந்தால் அதையும் முழுக்கச் சமன் செய்ய வேண்டாம், நுனி தரையில் தட்டாமல் வீச அந்தக் குறைவு உதவுகிறது.

இந்தியா போலியோ ஒழிந்த நாடாக 2014 மார்ச்சில் சான்று பெற்றது. இளைய டாக்டர்கள் பலர் இந்தக் கால்களைப் படிப்பில் மட்டுமே பார்த்திருப்பார்கள். முடிவெடுக்கும் முன், நேராக்கினால் எப்படி இருக்கும் என்று பிளாஸ்டிக் ஸ்ப்ளின்ட் போட்டு இரண்டு வாரம் நடக்க வைத்துப் பார்க்கலாம். முழங்கால் மடிந்தால் விடை கிடைத்துவிட்டது.

#14 மார்த்தாண்டம்_பிசியோ

இதை நான் வழிமொழிகிறேன். கையை ஊன்றி நடப்பவரின் நடையை இரண்டு பக்கத்திலிருந்தும் வீடியோ எடுத்து டாக்டரிடம் காட்டுங்கள். கட்டிலில் படுக்க வைத்துப் பார்த்தால் இந்தப் பூட்டு தெரியாது.

#15 தோவாளை_கேள்வி

இணைப்பு ஆப்பரேஷன் முடிந்து ஆறு வாரத்தில் மிதிக்கலாமா? ஒரு இடத்தில் ஆறு என்கிறார்கள், ஒரு இடத்தில் பத்து என்கிறார்கள்.

#16 தியேட்டர்_தக்கலை

ஸ்க்ரூ உறுதியாகக் கடித்திருந்தால் ஆறு வாரத்தில் பூட் போட்டு மிதிக்கலாம் என்பதே இப்போதைய போக்கு.

#17 பாறசாலை_எலும்பு

சாதாரண சப்டேலாருக்கு ஒப்புக்கொள்கிறேன் அண்ணன். ஆறு வாரம் மிதிக்காமல், படம் பார்த்து, பிறகு பூட்டோடு கொஞ்சம் கொஞ்சமாக எடை கூட்டி, 12 வாரத்தில் மறுபடம். கட்டை எலும்பு வைத்தவர், சர்க்கரையால் உணர்வு குறைந்தவர், டிரிபிள் செய்தவர்: இவர்களுக்கு எட்டு முதல் பத்து வாரம் என்பதை நான் விட்டுக்கொடுக்க மாட்டேன். டிரிபிளில் ஒட்டாமல் போகும் மூட்டு பெரும்பாலும் டேலோநேவிகுலர். கிண்ணம்போல் வளைந்த மூட்டு, வெளிப்பக்கக் கீறல் வழியே அதன் உள்பாதி கண்ணுக்குத் தெரியாது, உள்பக்கம் தனிக் கீறல் போட்டால்தான் குருத்தெலும்பு முழுவதும் வரும்.

உணர்வு இழந்து எலும்பும் மூட்டும் சிதைந்த சார்கோட் பாதத்துக்கு இந்தக் கணக்கு எதுவும் பொருந்தாது. குதிகாலிலிருந்து கால் எலும்புக்குள் நீண்ட ராடு, மூன்று மாதத்துக்கு மேல் கட்டு, அதன்பிறகும் நீண்ட காலம் பிரேஸ்.

ஒட்டவில்லை என்பதன் அடையாளம்: மூன்று, நான்கு மாதத்துக்குப் பிறகும் மிதிக்கும்போது அதே ஆழத்தில் வலி, வீக்கமும் சூடும், எக்ஸ்ரேயில் ஸ்க்ரூவைச் சுற்றிக் கறுப்பு வளையம், அல்லது ஸ்க்ரூ முறிவு. எக்ஸ்ரே பல தடவை ஒட்டியதாகக் காட்டி ஏமாற்றும். சந்தேகமிருந்தால் சிடி, மூட்டின் பாதிப் பரப்புக்கு மேல் எலும்பு கடந்திருந்தால் போதும். வீக்கம் மட்டும் இருந்தால் பயப்பட வேண்டாம், அது ஒரு வருடம் வரை வந்து போகும்.

#18 நர்ஸ்_குழித்துறை

மிதிக்காமல் இருக்கும் காலத்தில் கெண்டைக்காலில் இரத்தம் உறையலாம். முன்பு உறைந்த வரலாறு, உடல் பருமன், குடும்ப வரலாறு இருந்தால் முதலிலேயே சொல்லுங்கள், தினம் ஒரு தடவை எனாக்ஸாபரின் 40 மில்லிகிராம் ஊசி அல்லது மாத்திரை எழுதுவார்கள். சிறுநீரகக் கோளாறு இருந்தால் அளவு மாறும். திடீர் மூச்சிரைப்பு, நெஞ்சுவலி என்றால் 108.

நம் பகுதியில் ஆசானிடம் (நாட்டு வைத்தியர்) போய் எண்ணெய் தடவுவது வழக்கம். அதை இகழ்ந்து சொல்லவில்லை. எலும்பு ஒட்டியது உறுதியாகும் வரை இணைத்த காலை இழுத்து உழியக் கூடாது, காயத்தின் மேல் எண்ணெய், பற்று எதுவும் கூடாது. முழங்காலுக்கு மேல் தடவிக்கொள்ளலாம், ஊன்றுகோலால் வலிக்கும் தோளுக்கும் அது இதமாக இருக்கும். ஆசானிடமும் ஸ்க்ரூ இருக்கிறது என்று எக்ஸ்ரேயைக் காட்டுங்கள்.

#19 செருப்பு_நாகர்கோவில்

செருப்பு பற்றி யாரும் எழுதவில்லை. இணைத்த காலுக்கு அடிப்பாகம் படகுபோல் முன்னால் மேலேறி இருக்க வேண்டும். வளைவு தொடங்கும் இடம் விரல்களின் அடி மூட்டுக்குச் சற்றுப் பின்னால். அதற்கு முன்னால் போனால் உருளாது, மிகவும் பின்னால் வந்தால் நிற்கும்போது ஆடும். கணுக்கால் இணைத்தவருக்குக் குதிகால் அடியில் அமுங்கும் ரப்பர் ஆப்பு ஒன்று வைப்போம், மிதிக்கும் அதிர்ச்சியை அது வாங்கிக்கொள்ளும். உள்ளே எம்சிஆர் என்னும் மெத்தென்ற ரப்பர் 8 முதல் 10 மி.மீ., வெளியே கெட்டி சோல், பின்வார் கட்டாயம். ஹவாய் செருப்பு வேண்டாம், அதை விரலால் கவ்வி நடக்க வேண்டும், இணைத்த பாதம் அதற்கு ஒத்துழைக்காது. நின்று, வீக்கம் கூடும் மாலை நேரத்தில் அளவு கொடுங்கள். கால் குட்டையானது ஒரு செ.மீ.க்குள் என்றால் உயர்த்த வேண்டியதில்லை.

தோட்டத்துக்கு கம்பூட் போடுபவர்கள் ஒரு அளவு பெரிதாக வாங்கி, உள்ளே தனி இன்சோல் வையுங்கள். மழையில் நனைந்த இன்சோலை எடுத்து உலர்த்தலாம்.

#20 தோவாளை_கேள்வி

சபரிமலைக்கு வெறுங்காலில் போக முடியுமா? கணுக்கால் இணைத்து ஒன்றரை வருடம் ஆகிறது, எலும்பு ஒட்டிவிட்டது.

#21 மார்த்தாண்டம்_பிசியோ

உணர்வு முழுமையாக இருந்து, பக்கத்து மூட்டில் வலி இல்லையென்றால் பம்பையிலிருந்து மெதுவாக ஏறலாம், தடி வேண்டும். ஏற்றத்தைவிட இறக்கம்தான் சோதிக்கும், பக்கவாட்டில் திரும்பி இறங்குங்கள். எருமேலியிலிருந்து காட்டுப் பெருவழி வேண்டாம். சர்க்கரையில் உணர்வு குறைந்தவர்கள் வெறுங்காலில் போகவே கூடாது, சூடான கல்லில் வெந்தது கூடத் தெரியாது. டோலி இருக்கிறது, அதில் போவதால் விரதத்துக்குக் குறை எதுவும் இல்லை.

#22 கட்டு_குலசேகரம்

காப்பீடு பற்றித் தனிச்செய்தியில் கேட்கிறார்கள், இங்கேயே எழுதுகிறேன். தமிழ்நாட்டு முதலமைச்சர் காப்பீட்டுக்கு ஆண்டு வருமானம் 1,20,000 ரூபாய்க்குள் இருக்க வேண்டும், குடும்பத்துக்கு ஆண்டுக்கு 5 லட்சம் வரை. கேரளத்தில் காருண்ய ஆரோக்கிய சுரக்ஷா, அதுவும் 5 லட்சம். குமரி அட்டையோடு எல்லை தாண்டித் திருவனந்தபுரத்தில் சேர நினைப்பவர்கள், சேரும் முன் அங்குள்ள காப்பீட்டுக் கவுண்டரில் அட்டையைக் கொடுத்து ஏற்கிறார்களா, இந்த ஆப்பரேஷன் பட்டியலில் இருக்கிறதா, முன் அனுமதி வந்ததா என்று மூன்றையும் கேளுங்கள். ஆசாரிப்பள்ளம் மருத்துவக் கல்லூரியில் எலும்பு ஓபியில் முதலில் காட்டிவிட்டு முடிவெடுக்கலாம்.

#23 மேல்புறம்_ரப்பர்

நின்று எடுத்த படமும் சிடியும் எடுத்துவிட்டோம். சப்டேலார் மட்டும் தேய்ந்திருக்கிறது, மற்ற இரண்டும் நன்றாக இருக்கின்றன, உயரம் 9 மி.மீ. குறைவு என்று எழுதியிருக்கிறார்கள். கட்டை எலும்பு வைத்து இணைக்கலாம் என்கிறார். வேறு என்ன கேட்க வேண்டும்?

#24 பாறசாலை_எலும்பு

கீறல் எங்கே என்று கேளுங்கள். உயரத்தை மீட்கும்போது வெளிப்பக்கக் குறுக்குக் கீறல் இழுபட்டு மூட மறுக்கும். அதனால் குதிகாலின் பின்புறத் தசைநாருக்கு (அக்கிலிஸ்) வெளிப்பக்கம் நெடுக்காகப் போடுவதைப் பலர் விரும்புகிறோம். அந்த வழியில் சூரல் நரம்பு குறுக்கே வரும், பாதத்தின் வெளி ஓரம் மரத்துப் போகலாம் என்று முன்பே தெரிந்துகொள்ளுங்கள். அந்தக் குதிகால் தசைநாரை நீட்ட வேண்டி வருமா என்றும் கேளுங்கள். கட்டை எடுக்கும் இடுப்பில் சில வாரம் வலி இருக்கும், ஊன்றுகோலில் போகும்போது அதுதான் முதலில் தொந்தரவு செய்யும், எந்தப் பக்கம் எடுக்கிறார்கள் என்று தெரிந்தால் ஊன்றுகோல் பழக்கத்தை முன்பே தொடங்கலாம்.

#25 தியேட்டர்_தக்கலை

டிஸ்சார்ஜ் அன்று ஆப்பரேஷன் குறிப்பின் நகல், ஸ்க்ரூ அட்டையில் ஒட்டும் ஸ்டிக்கர், கடைசி சி-ஆர்ம் படங்கள் மூன்றையும் கேட்டு வாங்கி லேமினேட் செய்யாமல் பிளாஸ்டிக் உறையில் வையுங்கள். பல வருடம் கழித்து ஸ்க்ரூவை எடுக்க வேண்டி வந்தால் எந்தக் கம்பெனி, எந்தத் தலை என்று தெரியாமல் பொருத்தமான ஸ்க்ரூ டிரைவர் கிடைக்காமல் திண்டாடுவார்கள்.